திறமையைத் தேடிச் சென்ற ஆசிரியர்: காற்பந்துப் பயிற்றுநர் சையத் அப்துல் ரஹீம்

பொன்விழா மலரில் காற்பந்தைப் பற்றி ஒரு வரலாற்றுக் கட்டுரை எதற்கு என்று நம் உறுப்பினர்களில் சிலர் கேட்கலாம். அதிலும் ஹைதராபாத்தில் வாழ்ந்து மறைந்த ஒரு பள்ளி ஆசிரியருக்கும் பினாங்கில் வாழும் நமக்கும் என்ன தொடர்பு என்ற கேள்வியும் எழலாம். சங்கங்கள் ஐம்பது ஆண்டுகளைக் கடந்து நிற்பதற்குக் கட்டடமும் கணக்கும் மட்டுமே காரணம் ஆகிவிடுவதில்லை. அடுத்த தலைமுறையில் யாரிடம் என்ன திறமை இருக்கிறது என்று கண்டுபிடித்து, அதற்கு வழி திறந்துவிடுபவர்களால்தான் அவை நிற்கின்றன. அந்தப் பணியைக் காற்பந்துத் திடலில் இருபது ஆண்டுகள் செய்தவர் மர்ஹூம் சையத் அப்துல் ரஹீம். அவர் வரலாற்றை நம் பிள்ளைகள் அறிய வேண்டும் என்பதற்காகவே இதை எழுதுகிறோம்.

காற்பந்து நமக்குப் புதிய விளையாட்டு அன்று. பினாங்குக் காற்பந்துச் சங்கம் 1921ஆம் ஆண்டு தொடங்கப்பட்டது. டத்தோ கெராமாட் சாலையில் உள்ள சிட்டி ஸ்டேடியத்தில் ஆட்டம் நடக்கும் நாளில் கடையைச் சீக்கிரம் அடைத்துவிட்டுப் போன அத்தாமார்களைப் பற்றி நம் வீடுகளில் இன்றும் பேசுகிறார்கள். 1974இல் பினாங்கு மலேசியக் கிண்ணத்தை வென்றது. நமாட் அப்துல்லா, சஹாருடின் அப்துல்லா சகோதரர்களும், இசா பக்கார், அலி பக்கார் சகோதரர்களும் நம் தெருப் பிள்ளைகளைப் போலவே நமக்கு நெருக்கமான பெயர்கள். ஆட்டக்காரர்களை நாம் மறப்பதில்லை. அவர்களைச் சிறு வயதில் அடையாளம் கண்டவர்களைத்தான் பெரும்பாலும் மறந்துவிடுகிறோம்.

ரஹீம் 1909ஆம் ஆண்டு ஆகஸ்டு 17ஆம் நாள் ஹைதராபாத்தில் பிறந்தார். உஸ்மானியா பல்கலைக்கழகத்தில் படித்தார். அங்கேயே காற்பந்தும் ஆடினார். பட்டம் பெற்றபின் பள்ளி ஆசிரியரானார். பிறகு உடற்கல்வியில் பட்டயம் பெற்று, பள்ளிகளில் விளையாட்டையும் கவனித்து வந்தார். கடைசிவரை அவரை எல்லாரும் ‘ரஹீம் சாஹிப்’ என்றே அழைத்தார்கள். 1943இல் ஹைதராபாத் காற்பந்துச் சங்கத்தின் செயலாளர் பொறுப்பை ஏற்று, இறக்கும்வரை அதை வகித்தார்.

செயலாளர் என்றால் கூட்டம் கூட்டிக் கடிதம் எழுதுவதோடு வேலை முடிந்துவிடும் என்று அவர் நினைக்கவில்லை. பள்ளிப் பிள்ளைகள் ஆடுகிற திடலுக்குப் போய் நின்று பார்த்தார். எந்தப் பையனுக்கு வேகம் இருக்கிறது, எவனுக்குப் பார்வை இருக்கிறது, எவன் பந்து தன்னிடம் வருமுன்பே அடுத்து என்ன செய்வது என்று முடிவெடுத்துவிடுகிறான் என்று கவனித்தார். இளைஞர்களுக்காக அவர் நடத்திய போட்டிகளும் புதுமையானவை. ஒன்றில் பந்தைக் காலிலேயே வைத்துக்கொண்டு ஓடக் கூடாது. உடனே தோழனுக்குக் கொடுத்துவிட வேண்டும். இன்னொன்றில் பழக்கம் இல்லாத காலால்தான் உதைக்க வேண்டும். வலக்கால் பையன் இடக்காலைப் பழகினான். தனியாக ஓடிக் கைதட்டு வாங்கப் பழகியவன் கூடி ஆடக் கற்றான். ஓர் ஆசிரியர் பாடத்திட்டம் போடுவதைப் போலவே அவர் போட்டிகளை வகுத்தார்.

1950இல் ஹைதராபாத் நகரப் போலீஸ் அணிக்குப் பயிற்றுநரானார். அக்காலத்தில் காற்பந்தை மட்டும் நம்பிப் பிழைக்க முடியாது. ஆட்டக்காரருக்குக் காவல்துறையில் ஒரு வேலை கிடைத்தால் வீட்டில் அடுப்பெரியும். மாலையில் திடலுக்கும் வரலாம். அப்படி வந்த இளைஞர்களைக் கொண்டு ரஹீம் கட்டிய அணி, பம்பாயின் ரோவர்ஸ் கிண்ணத்தை 1950 முதல் 1954 வரை தொடர்ந்து ஐந்து ஆண்டுகள் வென்றது. டூரண்ட் கிண்ணத்தையும் அவர் காலத்தில் நான்கு முறை வென்றது. கல்கத்தாவின் பெரிய சங்கங்களே இந்தியக் காற்பந்தை ஆண்ட காலம் அது. மோகன் பகான், ஈஸ்ட் பெங்கால் என்று பேசிக்கொண்டிருந்தவர்கள் தெற்கே திரும்பிப் பார்த்தார்கள். 1956, 1957 ஆகிய இரண்டு ஆண்டுகளும் சந்தோஷ் கிண்ணம் ஹைதராபாத்துக்கே வந்தது.

அவர் கண்டெடுத்தவர்களில் துளசிதாஸ் பலராமின் கதையைப் பிள்ளைகளுக்குக் கட்டாயம் சொல்ல வேண்டும். செகந்திராபாத் பக்கத்தில் அம்முகுடா என்ற சிற்றூரில் ஏழ்மையில் வளர்ந்தவர் பலராம். பூட்ஸ் வாங்கக் காசில்லை. காவலர்கள் தேய்த்துக் கழித்த பழைய பூட்ஸின் தோலில் ஒரு சக்கிலியத் தொழிலாளி தைத்துக் கொடுத்ததைப் போட்டுக்கொண்டு ஆடினார். அவர் ஆட்டத்தைக் கண்ட ரஹீம் பயிற்சிக்கு வரச் சொன்னார். ஹைதராபாத்துக்கு வந்துபோக வசதி இல்லை என்பதே பலராமின் பதில். வேறொருவராக இருந்தால் வேறு பையனைப் பார்த்திருப்பார். ரஹீம் பலராம் வந்துபோவதற்கு வழி செய்து கொடுத்தார். அந்தப் பலராம் 1956, 1960 ஆகிய இரண்டு ஒலிம்பிக் அணிகளில் இடம்பெற்றார். ரோமில் ஹங்கேரிக்கு எதிராகவும் பெருவுக்கு எதிராகவும் கோல் அடித்தார். திறமை இருந்தது பலராமிடம். போக்குவரத்துச் செலவு என்ற சிறிய தடை நீங்கியிராவிட்டால் அந்தத் திறமை அம்முகுடாவைத் தாண்டியிருக்காது.

தமிழர்கள் பெருமைப்படும் இன்னொரு பெயர் பீட்டர் தங்கராஜ். இவர் முதலில் கோல் அடிக்கும் முன்னணி ஆட்டக்காரராக இருந்தவர். ராணுவத்தில் மதராஸ் படைப்பிரிவு மையத்தில் சேர்ந்தபின் கோல்காவலரானார். ஆசியாவின் தலைசிறந்த கோல்காவலர் என்று பெயர் வாங்கினார். ரஹீம் உருவாக்கிய தேசிய அணியில் அவர் ஒரு தூண். பெங்களூரைச் சேர்ந்த அருமைநாயகமும் அந்த அணியில் இருந்தார். ஹைதராபாத்துக்காரர் என்பதற்காக ஒருவரைச் சேர்ப்பதும் வெளியூர்க்காரர் என்பதற்காக ஒருவரை விடுவதும் ரஹீமின் வழக்கம் அன்று. வங்காளி, பஞ்சாபி, தமிழர், தெலுங்கர் என்று எல்லா மொழியினரும், முஸ்லிம், இந்து, சீக்கியர், கிறிஸ்தவர் என்று எல்லாச் சமயத்தவரும் அவர் அணியில் ஆடினார்கள்.

தேசியப் பயிற்றுநராக அவருடைய முதல் பெரிய வெற்றி 1951இல் டெல்லியில் நடந்த முதலாவது ஆசிய விளையாட்டுப் போட்டி. இறுதி ஆட்டத்தில் ஈரானை 1-0 என்று வென்று இந்தியா தங்கம் பெற்றது. அடுத்த ஆண்டே பெருந்தோல்வி. 1952 ஹெல்சிங்கி ஒலிம்பிக்கில் யூகோஸ்லாவியாவிடம் 1-10 என்று இந்தியா தோற்றது. இந்திய ஆட்டக்காரர்களில் பலர் குளிரில் வெறுங்காலோடு ஆடினார்கள். அதன் பிறகே பூட்ஸ் கட்டாயமாக்கப்பட்டது.

அந்தத் தோல்வியிலிருந்து ரஹீம் பாடம் எடுத்துக்கொண்டார். அக்காலத்தில் உலகை வியக்க வைத்த ஹங்கேரி அணியின் ஆட்டமுறையை ஆராய்ந்தார். நடுவில் நிற்கும் முன்னணி ஆட்டக்காரர் கோல் அருகிலேயே காத்திராமல் பின்னுக்கு இறங்கி ஆடுவார். அவரைத் தடுக்க எதிரணித் தற்காப்பாளர் முன்னால் வந்தால், அவர் விட்ட இடத்தில் மற்றவர்கள் புகுந்துவிடுவார்கள். இந்த நுட்பத்தை இந்திய ஆட்டக்காரர்களுக்குப் பழக்கினார்.

அதன் பலன் 1956இல் மெல்பர்னில் தெரிந்தது. போட்டியை நடத்திய ஆஸ்திரேலியாவை இந்தியா 4-2 என்று வென்றது. நெவில் டிசூசா மூன்று கோல் அடித்தார். ஒலிம்பிக் காற்பந்தில் ஓர் ஆசியர் ஒரே ஆட்டத்தில் மூன்று கோல் அடித்தது அதுவே முதல் முறை. ஒலிம்பிக் காற்பந்தில் அரையிறுதிக்கு வந்த முதல் ஆசிய நாடு என்ற பெருமையும் கிடைத்தது. இறுதியில் நான்காம் இடம். 1960இல் ரோமில் பிரான்சோடு 1-1 என்று சமன் செய்தது.

இனி ஜகார்த்தா. 1962இல் அங்கு நடந்த நான்காவது ஆசிய விளையாட்டுப் போட்டி நமக்கும் நெருக்கமானது. கானி மின்ஹாட் ஆடிய நம் மலாயா அணி அதில் வெண்கலம் வென்றது. தங்கம் வென்றது ரஹீமின் அணி. அப்போது அவருக்கு நுரையீரல் புற்றுநோய். உடல் தளர்ந்த நிலையிலேயே அணியோடு சென்றார்.

தொடக்கம் சரியாக அமையவில்லை. முதல் ஆட்டத்தில் தென்கொரியாவிடம் 0-2 என்று தோல்வி. பிறகு தாய்லாந்தையும் ஜப்பானையும் வென்றது. தாய்லாந்து ஆட்டத்தில் தற்காப்பாளர் ஜர்னைல் சிங்கின் தலையில் அடிபட்டுத் தையல் போட வேண்டியதாயிற்று. அரையிறுதியில் அவரை உட்கார வைப்பார் என்று எல்லாரும் எதிர்பார்க்க, ரஹீம் அவரை முன்னணியில் நிறுத்தினார். அந்த ஆட்டத்தில் ஜர்னைல் கோல் அடித்தார்; தென்வியட்நாமை 3-2 என்று வென்று இந்தியா இறுதிக்கு வந்தது.

இறுதி ஆட்டம் செப்டம்பர் 4ஆம் நாள், மீண்டும் தென்கொரியாவோடு. இஸ்ரேல், தைவான் அணிகளுக்கு இந்தோனேசியா விசா மறுத்ததை இந்தியப் பிரதிநிதி ஜி. டி. சோந்தி கண்டித்திருந்தார். அந்தக் கோபத்தில் செனாயான் அரங்கமே இந்திய அணிக்கு எதிராகக் கூச்சலிட்டது. அந்தக் கூச்சலுக்கு நடுவே தங்களுக்காகக் குரல் கொடுத்தவர்கள் பாகிஸ்தான் ஹாக்கி விளையாட்டாளர்கள் என்று அந்த அணியினர் பின்னாளில் நினைவுகூர்ந்தார்கள். காய்ச்சலிலிருந்து மீண்ட தங்கராஜைக் கோலில் நிறுத்தினார் ரஹீம். 17ஆம் நிமிடத்தில் பி. கே. பானர்ஜியும், 20ஆம் நிமிடத்தில் தலையில் கட்டோடு ஜர்னைல் சிங்கும் கோல் அடித்தார்கள். கொரியர்கள் கடைசி நேரத்தில் ஒரு கோல் திருப்பினார்கள். 2-1 என்று தங்கம் கிடைத்தது. பின்னால் நின்றவனை முன்னால் நிறுத்தலாம் என்ற துணிச்சல், ஒவ்வொருவரிடமும் இன்னும் என்ன ஒளிந்திருக்கிறது என்று பல ஆண்டுகள் பார்த்துப் பழகிய கண்ணுக்குத்தான் வரும்.

அடுத்த ஆண்டு, 1963 ஜூன் 11ஆம் நாள், 53ஆம் வயதில் ரஹீம் காலமானார். இன்னா லில்லாஹி வஇன்னா இலைஹி ராஜிஊன். அவருக்குப் பிறகு இந்தியா ஆசிய விளையாட்டுக் காற்பந்தில் தங்கம் வென்றதில்லை. 1970இல் கிடைத்த வெண்கலமும் அவர் மாணவர் பி. கே. பானர்ஜி பயிற்றுநராக இருந்தபோது வந்தது. ரஹீமின் மகன் சையத் ஷாஹித் ஹக்கீம் 1960 ஒலிம்பிக் அணியில் இருந்தார். பின்பு ஃபீஃபா நடுவராகவும் பயிற்றுநராகவும் பணியாற்றி 2021இல் மறைந்தார். 2024இல் ‘மைதான்’ என்ற இந்தித் திரைப்படம் வந்த பிறகே இன்றைய பிள்ளைகளில் பலர் ரஹீமின் பெயரைக் கேள்விப்பட்டார்கள். அறுபது ஆண்டுகள் கழித்து வந்த நினைவு அது.

இந்தியக் காற்பந்து அவருக்குப் பின் இறங்கியதற்குக் காரணங்கள் பல. அவற்றில் ஒன்றை நம் சங்கம் தனக்கும் பாடமாக எடுத்துக்கொள்ளலாம். ரஹீம் செய்த தேடலை ஓர் அமைப்பு தன் வழக்கமாக எடுத்துச் செய்யவில்லை. ஒரு மனிதரின் கண்ணையும் காலையும் நம்பியே அது நடந்தது; அவர் போனதும் நின்றது.

நம் சங்கம் ஆண்டுதோறும் நன்றாகத் தேர்ச்சி பெற்ற பிள்ளைகளுக்குப் பரிசு கொடுக்கிறது. அது நல்ல பணி, தொடர வேண்டும். ஆனால் மேடைக்கு வந்து பரிசு வாங்குகிற பிள்ளை ஏற்கெனவே வெளியே தெரிந்துவிட்ட பிள்ளை. நாசி கண்டார் கடையில் தகப்பனுக்கு உதவிவிட்டு இரவு பத்து மணிக்குப் புத்தகத்தைத் திறக்கிற பையனையும், நன்றாக வரையத் தெரிந்தும் வண்ணம் வாங்க வழியில்லாத பெண் பிள்ளையையும், அடுக்குமாடிக்குக் கீழே கார் நிறுத்துமிடத்தில் அழகாகப் பந்தாடுகிற சிறுவனையும் யாராவது தேடிப் போய்ப் பார்த்தால்தான் தெரியும்.

அதற்கு முதலில் பெரிய நிதி தேவையில்லை. ஒவ்வொரு வட்டாரத்திலும் பிள்ளைகளைக் கவனித்துச் சொல்ல இரண்டு பேர் போதும். பேருந்துக் கட்டணம், ஒரு ஜோடி பூட்ஸ், ஒரு டியூஷன் வகுப்பு, நேர்முகத் தேர்வுக்குக் கூட்டிச் செல்ல ஒரு பெரியவர் ஆகியவை இல்லாததால்தான் பல பிள்ளைகள் பாதியில் நின்றுவிடுகிறார்கள். இந்தப் பொறுப்பு ஒருவரோடு போய்விடாமல் ஒவ்வொரு நிர்வாகக் குழுவும் அடுத்த குழுவிடம் ஒப்படைக்கிற வேலையாக இருக்க வேண்டும். பொன்விழா ஆண்டில் நம் சங்கம் தொடங்கும் பணிகளில் இதுவும் ஒன்றாகட்டும். மர்ஹூம் ரஹீம் சாஹிபின் மறுமை வாழ்வு சிறக்க அல்லாஹ்விடம் துஆச் செய்வோம்.