நாங்குநேரியிலிருந்து திருச்சூருக்கு வந்த நாடக ஆசான்

இயல், இசை, நாடகம் என முத்தமிழை முறையாக எண்ணுவோம். ஆயின் மூன்றாவதனை வளர்த்தோர் யாவர் என வினவின், சங்கரதாஸ் சுவாமிகளோடும் பம்மல் சம்பந்த முதலியாரோடும் பலர்க்கு எண்ணிக்கை நின்றுவிடும். அவர்கட்குப் பின் வந்த சே. இராமானுஜத்தைப் பாலக்காட்டுத் தமிழராகிய நாம் அறிந்திருக்கத் தனிக் காரணமுண்டு. நம் நல்லேப்பிள்ளியிலிருந்து காலையில் புறப்பட்டால் உச்சிப் பொழுதிற்குள் அடையத்தக்க திருச்சூரில் நாடகம் கற்பித்தவர் அவர்.

1935இல் நாங்குநேரியில் பிறந்த அவர், காந்திகிராமத்தில் ஆசிரியப் பணியாற்றினார். தில்லி தேசிய நாடகப் பள்ளியில் இப்ராகிம் அல்காசியிடம் பயின்றார். அல்காசியோ இலண்டனில் நாடகம் கற்றவர். 1963இல் பெரோஸ் ஷா கோட்டையின் இடிபாடுகளையே அரங்காக்கி ‘அந்தா யுக்’ நிகழ்த்தியவர். நம் பழைய நாடகக் குழுக்களில் ‘வாத்தியார்’ பாட்டையும் வசனத்தையும் கற்பித்தார். நடிகனின் உடல், மேடையின் வெற்றிடம், ஒளி, மௌனம் ஆகிய அனைத்தையும் ஒருவரே எண்ணி இயைப்பது புதுநெறி. அந்நெறியைத் தமிழுக்குக் கொணர்ந்தோருள் இராமானுஜம் முதன்மையானவர்.

1977இல் கோழிக்கோடு பல்கலைக்கழகம் திருச்சூரில் நாடகப் பள்ளியைத் தொடங்கியது. அதன் தலைவர் ஜி. சங்கரப்பிள்ளையோடு இராமானுஜமும் அங்குப் பணியாற்றினார். மலையாள மாணவர்க்குத் தமிழர் ஒருவர் ஆசானானார்! இது தமிழுக்கு இழப்பென்பாருமுளர். எனக்கு அவ்வாறு தோன்றவில்லை. வேரிலிருந்து நாடகம் முளைக்கவேண்டும் என்ற எண்ணம் அந்நாளில் கேரளத்தில் வலுவாயிருந்தது. நம் மாவட்டத்துப் பகவதி கோயில் கூத்துமாடங்களில் தோற்பாவைகளுக்குக் கம்பன் பாட்டைப் பாடும் மண்ணல்லவா இது! வீட்டில் தமிழும் பள்ளியில் மலையாளமுமாக வளரும் நம் பிள்ளைகட்கு இதனை விளக்கவும் வேண்டுமோ?

பின்னர்த் தஞ்சைத் தமிழ்ப் பல்கலைக்கழகத்தில் பணியாற்றினார். யூரிபிடீசின் ‘டிராய் நாட்டுப் பெண்கள்’ என்னும் கிரேக்க நாடகத்தை ‘வெறியாட்டம்’ ஆக்கினார். போரில் ஆடவரை இழந்த அயல்நாட்டுப் பெண்டிர் நம்மூர் ஒப்பாரியில் அழுதனர். கிரேக்கத் துயரத்திற்குத் தமிழ்ச் சிற்றூரின் குரல் இத்துணைப் பொருந்தும் என எவர் எண்ணியிருப்பர்?

எனினும் நான் பெரிதெனக் கருதுவது கைசிக நாடகத்தையே. நாங்குநேரிக்கு அண்மையிலுள்ள திருக்குறுங்குடியில் நம்பி கோயிலில் நிகழ்வது அது. பாணர் குலத்து நம்பாடுவான் ஏகாதசி இரவில் இறைவனைப் பாடச் செல்கிறான். வழியில் பிரமராட்சசன் மறித்து, அவனை உண்ண முற்படுகிறான். பாடிவிட்டு மீள்வேன் என வாக்களித்துச் சென்றவன் சொன்னபடியே மீள்கிறான். கைசிகப் பண்ணில் பாடியதன் பயனை ஈந்து அரக்கனையே விடுவிக்கிறான். தேவதாசி மரபினர் ஆடிவந்த இந்நாடகம் காலப்போக்கில் நலிந்திருந்தது. நடனக் கலைஞர் அனிதா இரத்தினத்தின் முயற்சியோடு, 1990களின் இறுதியில் இராமானுஜம் அதனைச் செப்பனிட்டார். கிரேக்கத்தையே தமிழாக்கிய கை இங்குத் தன் புதுமையைத் திணிக்கவில்லை. மரபறிந்தோரிடம் கேட்டுக் கேட்டே கட்டியது. இந்த அடக்கத்தை அவர்தம் பேராற்றல் என்பேன்.

சங்கீத நாடக அகாதெமி விருது பெற்ற அவர், 2016 டிசம்பரில் மறைந்தார். கார்த்திகை வளர்பிறை ஏகாதசி இரவில் நம்பாடுவான் குறுங்குடி மேடையில் மீண்டும் வாக்களித்துப் புறப்படுகிறான்.