கேட்பவர் முகம்

சிறுவயதில் ஜெயங்கொண்டத்துக் கீற்றுக் கொட்டகையில், மணலைக் குவித்து அதன்மேல் உட்கார்ந்து 'காதலிக்க நேரமில்லை' பார்த்தேன். நாகேஷ் பேய்க்கதை சொல்கிறார், டி. எஸ். பாலையா கேட்கிறார். கொட்டகையே சிரித்தது. வீடு திரும்பும்போது தாத்தா சொன்னார்: "கதை சொன்னவனுக்குப் பாதிச் சிரிப்புத்தான்டா. மீதி, பயந்தவனுக்கு."

அந்த மீதியைச் சம்பாதிக்கப் பாலையாவுக்கு எத்தனை வருஷம் பிடித்தது! 1914-ல் ஸ்ரீவைகுண்டத்தில் பிறந்து, நாடக மேடையில் தேர்ந்தவர். 1936-ல் எல்லிஸ் ஆர். டங்கன் இயக்கிய 'சதி லீலாவதி'யில் வில்லனாகத் திரைக்கு வந்தார். அதில் சிறு வேடத்தில் அறிமுகமான எம்.ஜி.ஆர். பின்னாளில் பெரிய கதாநாயகரானார். பாலையாவோ பெரும்பாலும் வில்லனாகவும் குணசித்திர நடிகராகவுமே இருந்தார்.

இதைக் குறை என்று சொல்லலாமா? 1965-ல் வந்த 'திருவிளையாடல்' படத்தைப் பாருங்கள். ஹேமநாத பாகவதருக்குக் குரல் கொடுத்தவர் பாலமுரளி கிருஷ்ணா. அகந்தை மட்டும் பாலையாவின் சொந்தச் சரக்கு. பிறகு ஒரு விறகு விற்பவனின் பாட்டு அவர் காதில் விழுகிறது. அந்த அகந்தை படிப்படியாக இறங்குவதை, ஒரு வார்த்தையும் பேசாமல், முகத்திலேயே காட்டிவிடுகிறார். 1968-ல் 'தில்லானா மோகனாம்பா'ளில் தவில்காரர். தவிலும் நாகஸ்வரத்தைக் கேட்டுத்தானே முழங்க வேண்டும்!

1972-ல் காலமானார். திரையில் முப்பத்தாறு ஆண்டுகள். சரித்திரம் கதாநாயகர்களின் பெயரைத்தான் முதலில் எழுதுகிறது. எழுதட்டும். எங்கள் ஊர் மணல் தரை அவருக்குச் சேரவேண்டிய பாதியை அன்றைக்கே கொடுத்துவிட்டது.