பயன் சொல்ல ஆளில்லை

யாழ்ப்பாணத்தைப் பிறப்பிடமாகவும் வெள்ளவத்தையை வதிவிடமாகவும் கொண்டிருந்த புராணப் பயன் காலமாகிவிட்டது. பத்திரிகையில் மரண அறிவித்தல் வரவில்லை. திதி குறிக்கவும் வழியில்லை. ஒரு வருஷம் கந்தசஷ்டிக்குப் பாட்டு மட்டும் கேட்டது. அடுத்த வருஷம் பயன் எங்கே என்று யாரும் விசாரிக்கவுமில்லை.

புராணபடனத்துக்கு இருவர் வேண்டும். வாசிப்பவர் செய்யுளை முதலில் இராகத்தோடு முழுதாகப் பாடுவார். பிறகு பதம் பிரித்துத் துண்டு துண்டாகக் கொடுப்பார். பயன் சொல்பவர் ஒவ்வொரு துண்டையும் கையேந்தி வாங்குவதுபோல வாங்கி, பாட்டுமல்லாத பேச்சுமல்லாத ஓர் இழுவையில் பொருள் விரிப்பார். கச்சியப்ப சிவாசாரியாரின் கந்தபுராணம் ஆறு காண்டம், 10,000 பாட்டுக்கு மேல். அவசரப்பட்டு முடிக்கிற காரியமல்ல. காப்புச் செய்யுளின் முதற்சொல்லிலேயே ஒரு மாலை போய்விடும். காஞ்சிபுரத்துக் குமரகோட்டத்தில் அரங்கேற்றிய அன்று அந்தச் சொல்லின் புணர்ச்சி பிழை என்று சபை மறித்ததும், மறுநாள் சோழ நாட்டுப் புலவர் ஒருவர் வீரசோழியத்தைக் கொண்டுவந்து விதி காட்டியதுமாகிய கதையைச் சொல்லாமல் யாரும் அடுத்த சொல்லுக்குப் போனதில்லை.

நான் சிறுவனாகக் கேட்ட பயன், கடற்கரைப் பக்கத்து ஒழுங்கை ஒன்றில் இருந்த சிறிய கோயிலில். சொன்னவர் பகலில் கந்தோரில் கிளாக்கர். மாலையில் வேட்டி சால்வையோடு வந்து, நூலைப் பார்க்காமல், இடக்கையைக் காதோரம் குவித்து உட்காருவார். கோச்சி போகும்போது வாசிப்பவரின் சொல் தப்பிவிடக்கூடாது என்பதற்காக. வீரவாகு தேவர் தூது போகும் வழியில் இலங்கையில் இறங்குகிற இடம் வந்தது. அவர் நிறுத்தி, எங்கள் பக்கம் திரும்பினார். "பிள்ளையள், உந்த இரைச்சல் கேக்குதோ? உந்தக் கடலுக்குத் தெற்காலைதான் சூரன்ரை பட்டினம்." அன்றிரவு எனக்கு நித்திரை வரவில்லை. அலைச் சத்தம் முழுக்கச் சூரனின் மகேந்திரபுரியாகவே கேட்டது.

அந்த வரி எந்த உரைநூலிலும் இல்லை.

நூல்களைக் காத்தவர்களுக்கு நாங்கள் கடமைப்பட்டவர்கள். பண்டிதமணி சி. கணபதிப்பிள்ளை எங்கள் வாழ்க்கைக்கே கந்தபுராண கலாசாரம் என்று பெயர் வைத்தார். தட்சகாண்டத்துக்கு உரையும் எழுதினார். மட்டக்களப்பில் பண்டிதர் வி. சீ. கந்தையா கண்ணகி வழக்குரையை 1968இல் பதிப்பித்தார். பேராசிரியர் சு. வித்தியானந்தன் கூத்து ஏடுகளைத் தேடி அச்சேற்றியிராவிட்டால் பல கூத்துகளின் பெயர்கூட எஞ்சியிராது. 2005இல் தொடங்கிய நூலகம் இணையத்தில் ஈழத்து நூல்களும் இதழ்களும் ஆயிரக்கணக்கில் கிடைக்கின்றன. பாட்டு தப்பிவிட்டது. ஆனால் பயன் வாயிலே பிறந்து காதிலே முடிவது. கிளாக்கர்மாருக்குச் சொன்ன பயன் வேறு, கிழவிமாருக்குச் சொன்னது வேறு. அதை ஏட்டில் எழுதவேண்டும் என்று யாருக்கும் தோன்றவில்லை. எங்கள் வீட்டில் ரேப் ரெக்கோடர் இருந்தது. கலியாண வீடுகளையும் சினிமாப் பாட்டுகளையும் பதிந்தோம். அந்தக் குரலில் ஒரு மாலையை நான் பதிந்து வைக்கவில்லை. இன்றைக்கும் அது மனதை அறுக்கிறது.

பயனை 83 கலவரம்தான் கொன்றது என்பார்கள். பாதி உண்மை. அந்த ஆடியில் எத்தனையோ பேர் அகதி முகாம்களிலிருந்து கப்பலேறிக் காங்கேசன்துறைக்குப் போனார்கள். பிறகு லண்டனுக்கும் ரொறன்ரோவுக்கும் போனார்கள். ஆனால் தொண்ணூறுகளில் வடக்கிலிருந்து வந்த சனத்தால் வெள்ளவத்தை முன்னரிலும் நிரம்பியதே! கோயில்களும் பெருத்தன. பயன் மட்டும் திரும்பவில்லை. பயன் சொல்பவர் ஒரு நாளில் உருவாகிறவரல்லர். முதலில் வாசிக்கும் பையன். பிறகு ஒரு பெரியவரின் திண்ணையில் நிகண்டும் நன்னூலுமாகப் பல வருஷம். அதன்பிறகு, மூத்தவருக்குத் தொண்டை கட்டிய ஒரு நாளில், அந்த இடம். தொடுப்பு ஒருமுறை அறுந்தால் அறுந்ததுதான்.

பிரசங்கம் அந்த இடத்தைப் பிடித்தது. 1847 டிசம்பர் 31இல் வண்ணார்பண்ணைச் சிவன் கோயிலில் ஆறுமுக நாவலர் தொடக்கிவைத்த பெரிய மரபு அது. அதன்மேல் எனக்குக் குறையில்லை. என்றாலும் பிரசங்கத்தில் சபை கேட்கும், கலையும். பயனில் சபையும் சேர்ந்து படித்தது. தூணோடு சாய்ந்திருக்கும் யாரோ ஒருவர், "அப்பிடியில்லை, அந்தச் சொல்லுக்கு வேறை பொருளும் இருக்கு" என்று மறிப்பார். நூல் அப்படியே திறந்து கிடக்க, அரை மணித்தியாலம் வழக்கு நடக்கும். அவ்வளவு தமிழ் அந்தச் சீமெந்துத் தரையில் இருந்தது.

சில வருஷங்களுக்கு முன் கோயிலொன்றில் வள்ளியம்மை திருமணப் படலம் வாசித்தார்கள். வாசித்தவர் எண்பதைத் தாண்டியவர். பக்கத்துப் பாய் வெறுமையாகக் கிடந்தது. ஒரு பாட்டை முழுதாகப் பாடினார். பிறகு பதம் பிரித்து முதல் துண்டைக் கொடுத்தார். கொடுத்துவிட்டு, பழக்கத்தில் அந்தப் பாயின் பக்கம் தலையைத் திருப்பினார். பயன் சொல்லி முடிக்க எவ்வளவு நேரம் பிடிக்குமோ அவ்வளவு நேரம் பேசாமல் இருந்தார். பிறகு அடுத்த துண்டைக் கொடுத்தார்.