கதவுக்கு அண்டைக் கொடுத்த கல்

சிட்னியில் பசிபிக் ஐலண்ட்ஸ் கம்பெனி என்றொரு வியாபார நிறுவனம் இருந்தது. தீவு தீவாகப் போய்க் கொப்பரையும் கடற்பறவை எச்சமும் திரட்டி விற்பது அதன் தொழில். எச்சம் என்று முகம் சுளிக்க வேண்டாம். பத்தொன்பதாம் நூற்றாண்டில் அது நல்ல விலைக்குப் போன உரம். 1899இல் அந்தக் கம்பெனியின் சோதனைக்கூடத்துக்கு ஆல்பர்ட் எல்லிஸ் என்ற இளைஞர் வந்து சேர்ந்தார். வருகிற மாதிரிகளைப் பகுத்துப் பார்ப்பது வேலை. அங்கே கதவு சாத்திக்கொள்ளாமலிருக்க ஒரு கல்லை அண்டைக் கொடுத்திருந்தார்கள். கம்பெனியைச் சேர்ந்த டென்சன் என்பவர் சில வருடங்களுக்கு முன் நவுரு தீவிலிருந்து எடுத்துவந்த கல். ஏதோ காலத்தில் கல்லாகிப்போன மரம் அது என்று அவர் நினைத்தார். பிள்ளைகளுக்குக் கோலிக்குண்டு செய்து கொடுக்கலாம் என்று கொண்டுவந்தார், செய்யவில்லை. கல் கதவடிக்குப் போய்விட்டது.

எல்லிஸின் கண் அதன்மேலேயே இருந்தது. வேறொரு தீவில் அவர் பார்த்திருந்த பாஸ்பேட் பாறையின் சாடை அதில் தெரிந்தது. சில மாதம் கழித்து ஒரு துணுக்கை உடைத்துச் சோதித்தார். மிக உயர்ந்த தரத்துப் பாஸ்பேட். பின்னாளில் எழுதிய புத்தகத்தில் எல்லிஸே சொல்லும் கதை இது. கண்டுபிடித்தவரே சொல்வதால் கொஞ்சம் மெருகு ஏறியிருக்கலாம். ஆனால் அதற்குப் பிறகு நடந்தவை கணக்குப் புத்தகங்களில் டன் டன்னாகப் பதிவாகியிருக்கின்றன.

நவுரு பூமத்திய ரேகைக்குச் சற்றே தெற்கில், நாலாபுறமும் பசிபிக் சூழக் கிடக்கும் ஒற்றைத் தீவு. மொத்தப் பரப்பு 21 சதுர கிலோமீட்டர். கரையோரம் தென்னந்தோப்புகள், உள்ளே புவாடா என்ற ஏரி, அதில் பால்கெண்டை வளர்ப்பார்கள். பன்னிரண்டு குலத்து மக்கள். தென்னையில் கள் இறக்குவார்கள். பெருஞ்சிறகுள்ள கடற்பறவைகளைப் பிடித்துப் பழக்குவது அவர்களின் கௌரவமான விளையாட்டு. 1798இல் அவ்வழியே வந்த ஆங்கிலேயக் கப்பல் தலைவர் ஜான் ஃபியர்ன் பச்சைப்பசேலென்ற கரையைப் பார்த்து 'இனிய தீவு' என்று பெயர் வைத்துவிட்டுப் போனார். தீவின் நடுவே ஒரு மேட்டுநிலம். அதன் பவளப் பாறைகளுக்கு இடையில்தான் அந்தக் கல் நிறைந்திருந்தது. எண்ணற்ற ஆண்டுகளாகப் பறவைகள் இட்ட எச்சம் பவளத்தின் சுண்ணாம்போடு வினைபுரிந்து அப்படி இறுகியது என்பது பரவலான விளக்கம்.

நவுரு அப்போது ஜெர்மனி வசம் இருந்தது. அதனால் எல்லிஸ் முதலில் போனது, யார் கொடியும் உறுதியாகப் பறக்காத பக்கத்துத் தீவான பனாபாவுக்கு. பக்கம் என்றால் சுமார் 300 கிலோமீட்டர். அங்கேயும் அதே பாறை. 1900 மே மாதம் ஊர்ப் பெரியவர் ஒருவரிடம் ஒப்பந்தம் வாங்கினார்: வருடத்துக்கு 50 பவுண்டு, அல்லது அந்த மதிப்புக்குச் சாமான், காலம் 999 வருடம். 999 வருடம் என்றால் என்ன என்று அந்தப் பெரியவருக்கு யார், எந்த மொழியில் விளக்கியிருப்பார்கள்? ஜெர்மானியக் கம்பெனியோடு பேரம் முடிந்து நவுருவில் தோண்டத் தொடங்கியது அதற்குப் பின். 1907இல் முதல் கப்பல் புறப்பட்டது. நிலத்துக்காரனுக்கு டன்னுக்கு அரைப் பென்னி.

இனிக் கல்லோடு போவோம். மேட்டுநிலத்தில் மரங்களை வெட்டி மேல்மண்ணைத் தள்ளிவிட்டு, பவளத் தூண்களின் இடுக்குகளில் இறங்கித் தோண்டினார்கள். கூலியாட்கள் சீனாவிலிருந்தும் பக்கத்துத் தீவுகளிலிருந்தும் வந்தவர்கள். தோண்டியது உலர்ந்து, பொடியாகி, கரைக்கு வரும். துறைமுகம் கிடையாது. கரையை விட்டுச் சற்று விலகினால் கடல் அதலபாதாளம். நங்கூரம் தரை தொடாது. ஆகவே கப்பல்களை ஆழ்கடல் மிதவைகளில் கட்டிவைத்து, அலைக்கு நடுவே படகுகளில் கூடை கூடையாகக் கொண்டுபோய்க் கொட்டினார்கள். 1930இல் கரையிலிருந்து கடலுக்குமேல் நீளும் இரும்புக் கைகள் வந்தன. பட்டையில் ஓடிவரும் பொடி கப்பல் வயிற்றில் நேரே விழுந்தது.

கப்பல் போன இடங்கள் பெரும்பாலும் ஆஸ்திரேலியாவும் நியூசிலாந்தும். அங்கே ஆலைகளில் கந்தக அமிலம் ஊற்றினார்கள். செடியின் வேர் உறிஞ்சக்கூடிய சூப்பர் பாஸ்பேட் கிடைத்தது. ஆஸ்திரேலிய மண் மிகப் பழைய மண், பாஸ்பரஸ் வற்றியது. இதைத் தூவியதும் கோதுமை எழுந்தது, மேய்ச்சல் நிலத்தில் தீவனப் பயறு தழைத்தது, ஆடு கொழுத்தது. நியூசிலாந்தின் செங்குத்துக் குன்றுகளில் இரண்டாம் உலகப் போருக்குப் பிறகு சிறு விமானங்களில் ஏற்றித் தூவினார்கள். அந்தப் புல்லைத் தின்ற பசுவின் வெண்ணெய் லண்டன் ரொட்டியில் ஏறியது. லண்டன்காரர் தின்றதில் நவுருவும் கொஞ்சம் இருந்தது என்று சொன்னால் அது அலங்காரம் அல்ல, வேதியியல்.

முதல் உலகப் போரில் ஜெர்மனி தோற்றதும் பிரிட்டன், ஆஸ்திரேலியா, நியூசிலாந்து மூன்றும் 1919இல் தீவின் பாஸ்பேட்டைப் பங்கிட்டன: 42, 42, 16 சதவீதம். தனியார் கம்பெனியை விலைக்கு வாங்கி, பிரிட்டிஷ் பாஸ்பேட் கமிஷனர்கள் என்ற அரசு அமைப்பிடம் ஒப்படைத்தன. அதில் நியூசிலாந்தின் சார்பில் உட்கார்ந்தவர் வேறு யாருமில்லை, எல்லிஸேதான். லாபம் வேண்டாம், அடக்க விலைக்கே தங்கள் விவசாயிகளுக்குக் கொடுங்கள் என்பது ஏற்பாடு. கேட்க நன்றாகத்தான் இருக்கிறது. ஊரான் வீட்டு நெய்யே என் பெண்டாட்டி கையே என்பதற்கு இதைவிடப் பெரிய சான்று எனக்குத் தெரியாது. சந்தை விலைக்கு விற்றிருந்தால் தீவுக்காரர்களுக்குச் சேர்ந்திருக்க வேண்டியது, ஏறக்குறைய அரை நூற்றாண்டு அந்நிய வயல்களுக்கு மானியமாகப் போனது.

1942இல் ஜப்பான் தீவைப் பிடித்தது. சுமார் 1,200 நவுருக்காரர்களைத் தொலைவிலிருந்த சூக் தீவுகளுக்குக் கொண்டுபோய் வேலை வாங்கினார்கள். 1946 ஜனவரி 31 அன்று திரும்பி வந்தவர்கள் 737 பேர். பனாபாக்காரர்களுக்குத் திரும்பும் பாக்கியமே வாய்க்கவில்லை. போர் முடிந்ததும் அவர்களை ஃபிஜியிலுள்ள ராபி தீவில் கொண்டுபோய் இறக்கினார்கள். அந்த ராபியை வாங்கிய பணமும் அவர்களுடைய பாஸ்பேட் பணம்தான்.

நவுருக்காரர்களையும் அப்படி இடம்பெயர்க்கும் யோசனை வந்தது. தோண்டித் தீர்ந்தபின் தீவு எதற்கு என்று, 1960களில் குவீன்ஸ்லாந்துக் கரையோரமுள்ள கர்ட்டிஸ் தீவைக் காட்டி, எல்லோரும் அங்கே குடிபெயரலாம் என்றது ஆஸ்திரேலியா. ஆஸ்திரேலியக் குடிமக்கள் ஆகலாம். தனி நாடு கிடையாது. தலைவர் ஹாமர் டிரோபர்ட்டும் மக்களும் மறுத்துவிட்டார்கள். 1968 ஜனவரி 31, சூக்கிலிருந்து திரும்பிய அதே தேதியில், நவுரு குடியரசானது.

பிறகு பணம் கொட்டியது. சுரங்கத்தைத் தானே வாங்கிக்கொண்ட நாடு, மெல்பர்னில் 52 மாடிக் கட்டடம் எழுப்பியது. ஊர்க்காரர்கள் அதைப் பறவை எச்சக் கோபுரம் என்று கேலி பேசினார்கள். அந்த எச்சத்தில் விளைந்த கோதுமையைத் தின்றுகொண்டே. சொந்த விமான நிறுவனம் பறந்தது, பல நேரம் காலி இருக்கைகளோடு. 1993இல் லியனார்டோ டா வின்சியின் காதலைப் பற்றி லண்டனில் ஓர் இசை நாடகத்துக்கும் முதல் போட்டது. சில வாரங்களில் திரை விழுந்தது. உலகப் பத்திரிகைகள் இதையெல்லாம் இன்றும் ரசித்து ரசித்து எழுதுகின்றன. வாழ்ந்து கெட்ட வீட்டைப் பற்றிப் பேசுவதில் அக்கம்பக்கத்தாருக்கு எப்போதும் ஒரு சுகம். சொத்தில் பெரும்பங்கு யாரிடம் போனது என்ற பேச்சு மட்டும் அந்தக் கட்டுரைகளில் சிறுத்துவிடும்.

அதை வரிவரியாக எழுதிவைத்தவர் கொழும்பில் பிறந்த சட்ட அறிஞர் சி. ஜி. வீரமந்திரி. சுதந்திரத்துக்கு முன் தோண்டப்பட்ட நிலத்தைச் சீர்செய்யும் பொறுப்பு யாருடையது என்று ஆராய நவுரு அமைத்த விசாரணைக் குழுவுக்கு அவர் தலைவர். அன்று ஆண்ட மூன்று நாடுகளே என்றது குழு. 1989இல் நவுரு ஆஸ்திரேலியாவை ஹேக் நகரின் சர்வதேச நீதிமன்றத்துக்கு இழுத்தது. வழக்கை விசாரிக்கும் அதிகாரம் தனக்கு உண்டு என்று நீதிமன்றம் 1992இல் சொன்னதும், மறுவருடம் 10 கோடியே 70 லட்சம் ஆஸ்திரேலிய டாலருக்குச் சமரசம் முடிந்தது. தீவின் ஐந்தில் நான்கு பங்கில் இன்று நிற்பவை வெறும் பவளத் தூண்கள். வெயிலில் தகித்து, நடக்கவும் இடமில்லாமல்.

பாஸ்பேட் தீர்ந்தபோது வருமானமும் தீர்ந்தது. 2001இல் ஆஸ்திரேலியா, படகில் வந்த அகதிகளைத் தன் கரையில் இறக்காமல் நவுருவுக்கு அனுப்பத் தொடங்கியது. அதற்குப் பணம் கொடுத்தது. அந்த முகாம்களில் இலங்கைத் தமிழர்களும் இருந்தார்கள்.

இப்போது நவுருவின் கண் கடலடியில். ஹவாய்க்கும் மெக்சிகோவுக்கும் இடையே, 4,000 மீட்டருக்கும் கீழே, நிக்கலும் கோபால்ட்டும் செறிந்த உருண்டைக் கற்கள் கிடக்கின்றன. அவற்றை அள்ள விரும்பும் வெளிநாட்டுக் கம்பெனி ஒன்றுக்குப் பொறுப்பேற்ற நாடு நவுரு. 2021இல் அது சர்வதேசக் கடற்படுகை ஆணையத்துக்கு இரண்டு வருடக் கெடு வைத்தது: சுரங்க விதிகளை முடியுங்கள் என்று. கெடு கடந்தும் விதிகள் முடியவில்லை. அந்தக் கம்பெனிக்கு ஆய்வுக்காக ஒதுக்கப்பட்ட கடற்படுகை சுமார் 75,000 சதுர கிலோமீட்டர்.