சவரிமுத்து என்னும் பெயர்

திருச்செந்தூர்க் கடற்கரையில் நின்று 'செந்தில்' என்று உரக்க அழைத்தால் நாலைந்து பேராவது திரும்பிப் பார்ப்பார்கள். செந்தில் என்பது முதலில் ஊரின் பெயர். புறநானூற்றின் 55ஆம் பாடலிலேயே அது வருகிறது. ஊரின் பெயர் தெய்வத்துக்காகி, தெய்வத்தின் பெயர் பிள்ளைகளுக்காயிற்று. அதே கரையில் வடக்கே புன்னைக்காயலுக்கோ தெற்கே மணப்பாட்டுக்கோ போனால் சூசை, சந்தியாகு, சவரிமுத்து, பர்னாந்து என்று வேறு பெயர்கள் காதில் விழுகின்றன. இவை அந்நியப் பெயர்கள் என்று சொல்வோர் உண்டு. அப்படித் தள்ளிவிட முடியுமா?

1535 தொடங்கி 1537க்குள், முத்துக்குளிப்பு உரிமைப் பூசலில் போர்த்துக்கீசியரின் பாதுகாப்பை நாடிய பரதவர், ஊர் ஊராக ஞானஸ்நானம் பெற்றனர். பிரான்சிஸ் சேவியர் இக்கரைக்கு வந்தது 1542இல். திருவிதாங்கூர்க் கடற்கரையில் ஒரே மாதத்தில் பத்தாயிரத்துக்கும் மேற்பட்டோருக்குத் திருமுழுக்குக் கொடுத்ததை 1545 ஜனவரியில் எழுதிய கடிதத்தில் அவர் குறிப்பிடுகிறார். ஒவ்வொருவருக்கும் அவரவர் புதுப்பெயரை எழுதிக் கொடுத்தாராம். அந்த எழுத்தை வாசிக்கத் தெரியாதவர்களும் அவர்களில் இருந்திருப்பார்கள். காலையில் ஒரு பெயரோடு எழுந்தவர், மாலையில் இன்னொரு பெயரைக் கையில் பிடித்துக்கொண்டு வீடு திரும்பிய காட்சியை எண்ணிப் பார்க்கையில் மனம் சற்றே கனக்கிறது.

ஆனால் கொடுக்கப்பட்ட பெயர் கொடுத்தவர் கையிலேயே நின்றுவிடவில்லை. பர்னாந்து பழைய ஜெர்மானியச் சொற்களிலிருந்து பிறந்தது. அதன் பிற்பாதிக்குத் துணிவு என்று பொருள். முற்பாதியைப் பயணம் என்பாரும் அமைதி என்பாரும் உளர். சேவியர் என்பதோ பாஸ்க் மொழியில் 'புதுவீடு' என்னும் பொருள்கொண்ட ஊர்ப்பெயர். செந்திலைப் போலவே ஊரிலிருந்து ஆளுக்கு வந்த பெயர்! அது சவேரியார் ஆகி, சவரி ஆகி, நம் கடலின் முத்தோடு சேர்ந்து சவரிமுத்து ஆயிற்று. கிரேக்கத்திலும் முத்தைக் குறிக்கும் சொல்லே மார்கரெட் என்ற பெயரின் மூலம். நம் ஊரிலோ முத்துக்கு இன்னொரு பொருளும் உண்டு. அம்மைக் கொப்புளமும் முத்துதான். மாரிமுத்துவில் அந்த அச்சமும் வேண்டுதலும் சேர்ந்தே இருக்கின்றன.

ஒலியை மட்டும் மாற்றி நம்மவர் நிறுத்திக்கொள்ளவில்லை, பொருளையும் பெயர்த்தார்கள். பவுல் என்றால் லத்தீனில் சிறியவர், எனவே சின்னப்பர். ஸ்தேவான் கிரேக்கத்தில் முடி, அதாவது மகுடம், எனவே முடியப்பர். யோவான் எபிரேயத்தில் இறையருள், அருளப்பர் ஆனார். ஜோசப் என்பதற்குப் 'பெருகச் செய்வான்' என்று பொருள். போர்த்துக்கீசிய வாய்வழி அது சூசை. தேம்பாவணி பாடிய வீரமாமுனிவருக்கு வளன்.

இதே கரையின் இஸ்லாமியரிடமும் இதைக் காணலாம். வள்ளல் சீதக்காதியின் பெயரைத் தமிழென்றே நினைத்திருப்போர் பலர். செய்கு அப்துல் காதிர் என்ற அரபுப் பெயரே தமிழ் நாவில் உருண்டு அப்படியாயிற்று.

1995இல் வெளிவந்த பொது மொழிபெயர்ப்பு விவிலியத்தில் சின்னப்பர் மீண்டும் பவுலானார், அருளப்பர் யோவானானார். சபைகள் ஒன்றுகூடிச் செய்த நல்ல பணி அது, குறை சொல்வதற்கில்லை. இருந்தாலும் ஒரு சொல்லின் பொருளைத் தேடிக் கண்டு, தம் மொழியில் அதற்கொரு பெயர் சமைத்தவர்களின் உழைப்பு அந்த மாற்றத்தில் கண்ணுக்கு மறைந்துபோகிறது.

தமிழில் பேரன் என்ற சொல்லே பெயரன் என்பதிலிருந்து வந்தது. தாத்தாவின் பெயரைத் தாங்குபவன். முடியப்பனின் பேரனுக்கு வேறு பெயர் இருக்கலாம், அது அவன் பெற்றோரின் உரிமை. தாத்தாவின் பெயருக்கு என்ன பொருள் என்று அவன் கேட்கும் நாளில், சொல்வதற்கு வீட்டில் ஒருவராவது இருக்க வேண்டும்.