கிரேசி மோகன்

கிரேசி மோகன் (1952–2019): நாடக, சின்னத்திரை நகைச்சுவை எழுத்தாளர், திரைப்பட வசனகர்த்தா. கிண்டியில் இயந்திரப் பொறியியல் படித்தவர்.

எஸ்.வி.சேகர் குழுவுக்காக 1976இல் எழுதிய ‘கிரேசி தீவ்ஸ் இன் பாலவாக்கம்’ நாடகமே பெயரின் முன்னொட்டைத் தந்தது.

1979இல் ‘கிரேசி கிரியேஷன்ஸ்’ குழு பிறந்தது. தம்பி மாது பாலாஜி அதன் நாயகன். கதாநாயகிகளுக்கெல்லாம் ஜானகி என்றே பெயர். பள்ளியில் தன்னை மேடையேற்றிய ஆசிரியைக்கு மோகன் செலுத்திய நன்றி அது, எவ்வளவு அழகான குருதட்சிணை!

தொலைக்காட்சியில் ‘விடாது சிரிப்பு’ எழுதினார். கமல்ஹாசனுடன் இணைந்த ‘மைக்கேல் மதன காமராஜன்’ (1990) அவர் வசனத்தின் உச்சம். கல்யாணச் சாம்பாரில் மீன் விழும் காட்சியில், ஒருவர் சொல்வதை மற்றவர் வேறாகப் புரிந்துகொண்டே போக, சிரிப்பு அடுக்கடுக்காக ஏறுகிறது. ‘அவ்வை சண்முகி’ (1996), ‘பஞ்சதந்திரம்’ (2002) பின்னர் வந்தவை.