பாலைவனத்திலிருந்து வந்த முறையீடு

உமய்யா கலீஃபாக்களின் காலத்தில் நஜ்துப் பெருவெளியில் ஒட்டகம் மேய்த்து வாழ்ந்த மக்களுக்கு அரசாங்கம் என்பது கண்ணுக்குத் தெரியாத ஒன்றாகவே இருந்தது. கலீஃபா டமாஸ்கஸில் இருந்தார். ஆளுநர் ஏதோ ஒரு தொலைதூர நகரத்தில் இருந்தார். மழை எங்கே பெய்தது, புல் எங்கே முளைத்தது என்று தேடிக் கூடாரத்தைப் பெயர்த்துச் செல்கிறவர்களை நாடி ஆண்டுக்கு ஒரு முறை வந்த ஒரே அரசு அதிகாரி ஸகாத் வசூலிப்பவர்தாம். அவர் நேர்மையாளராக இருந்தால் அரசு நேர்மையானது. அவர் கொடியவராக இருந்தால், அந்தக் கொடுமையை எடுத்துச் சொல்ல அந்த வெளியில் எவரும் இல்லை.

அந்த மக்களில் பெரும்பாலோருக்கு எழுதத் தெரியாது. கணக்கு எழுதியவர் வசூலிக்க வந்தவர். ஏட்டில் அவர் எழுதியதே உண்மையாகத் தலைநகருக்குப் போனது. அந்த ஏட்டுக்கு எதிராகப் பாலைவனத்து மக்களிடம் இருந்தது கவிதை ஒன்றுதான். மனத்தில் தங்கி, வாய்வழியாகப் பரவி, ஒட்டகத்தின் வேகத்தில் அரண்மனை வரை செல்லக்கூடியது அது மட்டுமே. அப்படிச் சென்ற ஒரு முறையீட்டின் கதை இது.

முதலில், மார்க்கம் வகுத்த முறை எது என்பதை நினைவில் கொள்ள வேண்டும். ஒட்டகத்தின் ஸகாத் அளவுகளை விவரிக்கும் அபூபக்ர் (ரலி) அவர்களின் மடல் ஸஹீஹுல் புகாரியில் பதிவாகியுள்ளது. ஐந்து ஒட்டகங்களுக்கு ஓர் ஆடு. இருபத்தைந்தை எட்டினால் ஒரு வயது நிறைந்த பெண் ஒட்டகக் குட்டி ஒன்று. முப்பத்தாறில் இரண்டு வயது நிறைந்தது. இப்படி எண்ணிக்கைக்கு ஏற்ப வயது உயரும். மந்தையில் மிகச் சிறந்ததையும் பிடுங்கக் கூடாது, குறையுள்ளதையும் தள்ளிவிடக் கூடாது. வசூலிப்பவர் ஓரிடத்தில் அமர்ந்துகொண்டு கால்நடைகளைத் தம்மிடம் ஓட்டி வரச் சொல்லக் கூடாது. மக்கள் நீர் காட்டும் இடத்துக்கு அவரே செல்ல வேண்டும். எளியவனின் அலைச்சலைக் கூடக் கணக்கில் கொண்ட சட்டம் இது.

முஆத் (ரலி) அவர்களை யமனுக்கு அனுப்பும்போது நபி (ஸல்) அவர்கள், மக்களுடைய செல்வத்தில் சிறந்தவற்றை எடுப்பதைத் தவிர்க்கும்படியும், அநீதி இழைக்கப்பட்டவனின் பிரார்த்தனைக்கு அஞ்சும்படியும் சொல்லி அனுப்பினார்கள். இவ்விரண்டு எச்சரிக்கைகளும் ஒரே மூச்சில் வருவது கவனிக்கத்தக்கது. பனூ ஸுலைம் குலத்தாரிடம் வசூலிக்கச் சென்று திரும்பிய ஒருவர், இது உங்களுக்குரியது, இது எனக்கு அன்பளிப்பாகக் கிடைத்தது என்று பிரித்துக் காட்டியபோது, அவர் தம் பெற்றோர் வீட்டில் உட்கார்ந்திருந்தால் அந்த அன்பளிப்பு வந்திருக்குமா என்று அண்ணலார் மிம்பரில் ஏறி நின்று கேட்டார்கள். பின்னொரு நாள் ஸகாத் மந்தையில் மடி பெருத்த ஆடு ஒன்றைக் கண்ட உமர் (ரலி) அவர்கள், இதை இதன் சொந்தக்காரர்கள் மனமுவந்து கொடுத்திருக்க மாட்டார்கள் என்று கடிந்ததாக இமாம் மாலிக்கின் முவத்தாவில் காண்கிறோம்.

நாட்டுப்புற அரபிகள் சிலர் நபி (ஸல்) அவர்களிடமே வந்து, வசூலிப்பவர்கள் தங்களுக்கு அநீதி இழைப்பதாக முறையிட்ட செய்தி ஸஹீஹ் முஸ்லிமில் இருக்கிறது. வசூலிக்க வருபவரை மனநிறைவோடு அனுப்பி வையுங்கள் என்பது அவர்களுக்குக் கிடைத்த அறிவுரை. பிற்கால அதிகாரிகளுக்கு இந்த ஒரு நபிமொழி மட்டும் நன்றாக நினைவிருந்தது போலும். முஆதுக்குச் சொன்னது மறந்துவிட்டது.

நம் கவிஞரின் பெயர் உபைத் இப்னு ஹுஸைன். பனூ ஆமிரின் கிளையான நுமைர் குலத்தவர். ஒட்டகங்களை அவரளவு நுணுக்கமாகப் பாடியவர் அரிது என்பதால் ‘ராஈ’, அதாவது ஆயன் என்ற பெயர் அவருக்கு நிலைத்துவிட்டது. அரபு இலக்கிய வரலாற்றில் அவருடைய பெயர் அடிபடுவது பெரும்பாலும் வேறொரு காரணத்துக்காக. பஸ்ராவின் மிர்பத் சந்தையில் ஜரீருக்கும் ஃபரஸ்தக்குக்கும் நடந்த நெடிய வசைப்போரில் ஃபரஸ்தக்கின் பக்கம் சாய்ந்து, ஜரீரின் நாக்குக்கு இரையானவர் அவர். அந்த ஒரு வசைப்பாட்டுக்குப் பிறகு நுமைர் குலத்தார் தங்கள் குலப்பெயரைச் சொல்லவே கூசி, பனூ ஆமிர் என்று பொதுவாகச் சொல்லிக்கொண்டதாகக் கதை. இரண்டு கவிஞர்களின் சண்டையை ஆயிரத்து முந்நூறு ஆண்டுகளாகச் சுவைத்துச் சொல்லும் நூல்கள், அதே ராஈ தம் மக்களுக்காக அரண்மனையில் நின்றதை அந்த அளவுக்குப் பேசுவதில்லை. இதை நான் ஒரு குறையாகவே கருதுகிறேன்.

காலமும் அவருக்குச் சாதகமாக இல்லை. ஹிஜ்ரி 64இல் மர்ஜ் ராஹித் போரில் கைஸ் குலங்கள் உமய்யாக்களிடம் தோற்றன. நுமைர் குலம் கைஸ் வழியைச் சேர்ந்தது. கைஸ் குலங்கள் மக்காவில் ஆட்சி செய்த அப்துல்லாஹ் இப்னு ஸுபைர் (ரலி) அவர்களின் ஆதரவாளர்களாக அறியப்பட்டவை. ஹிஜ்ரி 73இல் இப்னு ஸுபைர் (ரலி) கொல்லப்பட்டு, அப்துல் மலிக் இப்னு மர்வான் எதிரியற்ற கலீஃபாவானபோது, தோற்ற பக்கத்தில் நின்ற குலங்களின் மீது ஐயம் படர்ந்திருந்தது. தோற்றவர்களிடம் வசூலிக்கப் போகிறவரின் கை எப்படி நீளும் என்பதைச் சொல்ல வேண்டியதில்லை.

இந்த நிலையில்தான் ராஈ, கலீஃபாவை முன்னிறுத்தி ஒரு நீண்ட கவிதை பாடினார். லாம் எழுத்தில் முடியும் இயைபு கொண்ட இக்கவிதையைப் பழைய அரபுக் கவிதைகளின் புகழ்பெற்ற தொகுப்பான ‘ஜம்ஹரத் அஷ்ஆரில் அரப்’ தன் கடைசி ஏழு கவிதைகளுள் ஒன்றாகச் சேர்த்திருக்கிறது. மரபுப்படி உறக்கமற்ற இரவு, பயணம், ஒட்டகங்கள் என்று தொடங்கி, மெதுவாகத் தன் பொருளுக்கு வருகிறது.

பொருளுக்கு வந்ததும் கவிஞர் முதலில் சொல்வது தங்கள் ஈமானைப் பற்றி. நாங்கள் காலையும் மாலையும் ஸஜ்தா செய்கிறவர்கள். எங்கள் செல்வத்தில் அல்லாஹ்வுக்குரிய பங்கு உண்டு என்பதையும், அது வஹீயாக இறங்கிய கடமை என்பதையும் ஏற்றவர்கள் என்கிறார். அப்துல் மலிக் இந்தப் பகுதியைக் கேட்டுவிட்டு, இது கவிதையே அல்ல, இஸ்லாத்தின் விளக்கவுரையும் வசனம் ஓதுதலுமாக இருக்கிறது என்று சொன்னதாகப் பழைய விமர்சகர்கள் ஒரு குறிப்பு தருகிறார்கள். சுவைஞர் என்ற வகையில் கலீஃபா சொன்னது சரியாகவே இருக்கலாம். ஆனால் அந்த வரிகள் அழகுக்காகப் பாடப்பட்டவை அல்ல. அத்தவ்பா அத்தியாயத்தின் 98, 99ஆம் வசனங்கள் நாட்டுப்புற அரபிகளை இரு வகையினராகக் காட்டுகின்றன. தாம் கொடுப்பதை அபராதமாகக் கருதுவோர் ஒரு வகை. அல்லாஹ்வின் நெருக்கத்தைப் பெறும் வழியாகக் கருதுவோர் மற்றொரு வகை. நாங்கள் இரண்டாம் வகையினர் என்பதுதான் ராஈயின் வாதம். கடமையை ஏற்றுக்கொண்டவனிடம் அதை அபராதமாக மாற்றியவர் வசூலிப்பவரே என்ற குற்றச்சாட்டு அதற்குள்ளேயே இருக்கிறது.

பிறகு குற்றச்சாட்டு வெளிப்படையாகவே வருகிறது. நீதி செலுத்தும்படி நீங்கள் கட்டளையிட்டு அனுப்பியவர்கள் அந்தக் கட்டளையில் ஒரு ‘ஃபதீல்’ அளவு கூட நிறைவேற்றவில்லை என்கிறார். ஃபதீல் என்பது பேரீச்சங்கொட்டையின் பிளவில் இருக்கும் மெல்லிய நார். மறுமையில் எவருக்கும் அந்த அளவும் அநீதி இழைக்கப்படாது என்று சொல்லக் குர்ஆன் ஆண்ட சொல் அது. அதைக் கேட்ட எவருக்கும் அந்த வசனங்கள் நினைவுக்கு வந்திருக்கும்.

அடுத்து அவர் ஒரு மனிதனைக் காட்டுகிறார். அவன் அந்தக் குலத்தின் ‘அரீஃப்’. தன் மக்களின் எண்ணிக்கைக்கும் கால்நடைகளின் கணக்கிற்கும் அரசிடம் பொறுப்பேற்றிருந்தவன். அவனை விலங்கிட்டு நிற்கவைத்து, அஸ்பஹீ என்று பெயர் பெற்ற சாட்டைகளால் மார்பில் அடித்தார்கள். எலும்பில் சதையும் நெஞ்சில் தெளிவும் இல்லாத நிலைக்கு அவன் வந்த பிறகு எழுத்து ஏட்டை எடுத்து வந்தார்கள். அடிக்கு அஞ்சிய அவன் தன்னிடம் ஒப்படைக்கப்பட்ட அமானிதத்தை மறந்தான். கவிஞர் அவனைத் துரோகி என்று ஏசவில்லை. கூன் விழுந்து நடுங்கும் ஓர் உருவத்தை நம் கண்முன் நிறுத்திவிட்டு நகர்ந்துவிடுகிறார்.

ஏட்டில் என்ன எழுதப்பட்டது என்பதையும் சொல்கிறார். சினையாக இருக்கும் பெண் ஒட்டகத்தைப் பலவந்தமாகப் பிடித்துச் சென்றார்கள்; ஆளுநருக்கான கணக்கில் அது சிறு குட்டி என்று எழுதப்பட்டது. கொடுத்தவன் பெரிய ஒட்டகத்தை இழந்தான். பொதுநிதிக்குச் சேர்ந்தது குட்டி ஒன்று. இடையிலிருந்த வேறுபாடு வசூலித்தவரின் மடியில் தங்கியது. முதலில் சொன்ன வயது அளவுகளை நினைவில் வைத்துப் படித்தால் இந்த வரியின் கனம் புரியும். எளியவனைக் காப்பதற்காக மார்க்கம் வகுத்த வயது வரம்பே அவனைக் கொள்ளையிடும் கருவியாகிவிட்டது. ஏட்டில் எல்லாம் முறையாகவே இருந்திருக்கும். எந்தத் தணிக்கையாளரும் அதில் பிழை கண்டிருக்க முடியாது. பிழையைக் காட்டியது கவிதைதான்.

பாரம் சுமக்கும் ஒட்டகத்தையும் அவர்கள் விட்டுவைக்கவில்லை. மேய்ச்சல் வாழ்வில் அந்த ஒட்டகம் போனால் கூடாரத்தைப் பெயர்க்க முடியாது. புல் தீர்ந்த இடத்திலேயே குடும்பம் கிடக்க வேண்டியதுதான். அப்படி நகர முடியாமல் உட்கார்ந்துவிட்ட அந்த மனிதன், காற்று புழுதியை இழுத்துச் செல்லும் பெருவெளி குறுக்கே கிடக்க, அமீருல் முஃமினீனைக் கூவி அழைக்கிறான். வேட்டைக்காரர் சிறகை ஒடித்துவிட்ட பறவை ஒன்று வழியோரத்தில் கிடந்து கூவுவதோடு அந்த அழைப்பைக் கவிஞர் ஒப்பிடுகிறார்.

இவற்றினூடே இன்னொரு பகுதியும் உண்டு. தாம் இப்னு ஸுபைரின் தரப்புக்குச் சென்று பைஅத்தை மாற்றிக்கொள்ள முயன்றதில்லை என்றும், யமாமாவில் கிளர்ந்த காரிஜிய்யாத் தலைவன் நஜ்தாவிடம் போனதில்லை என்றும் ராஈ சத்தியம் செய்கிறார். இதைப் படிக்கும்போது எனக்கு வருத்தமே மிகுகிறது. ஒட்டகத்தைப் பறிகொடுத்தவன், தான் கிளர்ச்சிக்காரன் அல்லன் என்று நிரூபித்த பிறகே பறிகொடுத்ததைப் பற்றிப் பேச முடிகிறது. அவருடைய விசுவாசப் பிரமாணத்தைக் கோழைத்தனம் என்று சிலர் சொல்லக்கூடும். பின்னால் பட்டினி கிடக்கும் குலம் ஒன்று இருக்கும்போது, கலீஃபாவின் காதைத் திறக்க எந்தச் சாவி தேவையோ அதை அவர் பயன்படுத்தினார் என்றே நான் எண்ணுகிறேன்.

இதே குறையைச் சொல்லி அவர் அப்துல் மலிக்கிடம் பாடிய மற்றொரு கவிதையும் உண்டு. இது தால் எழுத்தில் முடிவது. அதில் ஒரு வரி அவர் கனவிலும் எண்ணாத இடத்துக்குப் போய்ச் சேர்ந்தது. முன்பு தன் குடும்பத்துக்குப் போதுமான பால் தரும் ஒட்டகம் ஒன்றை வைத்திருந்து, இப்போது எதுவும் மிச்சமில்லாத மனிதனை அந்த வரியில் அவர் ‘ஃபகீர்’ என்று அழைத்தார். ஸகாத் பெறத் தகுதியுடைய எட்டு வகையினரைச் சொல்லும் அத்தவ்பா 60ஆம் வசனத்தில் ஃபகீரும் மிஸ்கீனும் தனித்தனியே வருகிறார்கள். இருவரில் யார் கூடுதல் வறியவர் என்ற கேள்வி ஃபிக்ஹில் நெடுநாள் விவாதிக்கப்பட்டது. மிஸ்கீனே கூடுதல் வறியவர், ஃபகீரிடம் சிறிதேனும் இருக்கும் என்பது ஹனஃபிகளின் கருத்து. அவர்கள் தரப்பில் காட்டப்படும் மொழிச் சான்றுகளுள் ராஈயின் அந்த வரியும் ஒன்று. ஃபகீரே கூடுதல் வறியவர் என்பது ஷாஃபிகளின் கருத்து. அவர்கள் கஹ்ஃப் அத்தியாயத்தில் கப்பலுக்குச் சொந்தக்காரர்களாக இருந்த மிஸ்கீன்களைச் சுட்டுவார்கள். ராஈயின் வரியும் அந்த ஒட்டகம் முன்பு ‘இருந்தது’ என்றுதானே சொல்கிறது என்று மறுமொழி தருவார்கள். நம் ஊர் மதரஸாக்களில் இரு மத்ஹபு மாணவர்களும் இந்த விவாதத்தை ஓதியிருப்பார்கள். கொள்ளைபோன ஒட்டகத்துக்காக நியாயம் கேட்ட முறையீட்டிலிருந்து வந்த வரி அது என்பதை எத்தனை பேர் எண்ணிப் பார்த்திருப்பார்களோ தெரியாது. இன்னொன்றும் உண்டு. அதே 60ஆம் வசனம் ஃபகீர், மிஸ்கீன் என்று சொன்ன உடனேயே மூன்றாவதாக ஸகாத் வசூலிப்பவரைச் சொல்கிறது. அவருக்கு அல்லாஹ்வே ஒரு பங்கு ஒதுக்கியிருந்தான். அது போதாமல்தான் பால் தரும் ஒட்டகத்தையும் ஓட்டிச் சென்றார்.

கவிஞர்களைப் பற்றிக் கடுமையாகப் பேசும் அஷ்ஷுஅரா அத்தியாயம் இறுதி வசனத்தில் ஒரு விலக்கு அளிக்கிறது. ஈமான் கொண்டு, நற்செயல் புரிந்து, அல்லாஹ்வை அதிகம் நினைந்து, அநீதி இழைக்கப்பட்ட பின் தங்களுக்காக எழுந்து நின்றவர்கள் அந்த விலக்கில் அடங்குவர். ராஈயை ஒரு மகானாகக் காட்ட நான் விரும்பவில்லை. சந்தை வசைகளில் அவரும் கலந்துகொண்டவர்தாம். ஆனால் இந்த இரண்டு கவிதைகளைப் பொறுத்தவரை, விலக்கின் கடைசி நிபந்தனையை அவர் நிறைவேற்றியிருக்கிறார்.

தால் கவிதையின் முடிவில் அவர் கலீஃபாவிடம் சொல்வது இதுதான்: இம்மக்களை நீங்கள் கைதூக்கிவிட்டால் பிழைத்துக்கொள்வார்கள்; வரும் ஆண்டும் இதே நிலை வந்தால் அழிந்துபோவார்கள். அதைக் கேட்ட அப்துல் மலிக், நீர் விரும்புவதுதான் என்ன என்று வினவியதாகப் பழைய இலக்கியத் தொகுப்புகள் சொல்கின்றன. அவர்களிடமிருந்து வசூலித்த ஸகாத்தை அவர்களுக்கே திருப்பித் தந்து உயிர்ப்பியுங்கள் என்றார் ராஈ. இது பெரிய தொகை என்றார் கலீஃபா. நீங்கள் இதைவிடப் பெரியவர் என்றார் ராஈ. சரி, தந்துவிட்டேன், இனி உமக்கென்று ஏதாவது கேளும் என்றார் கலீஃபா. என் தேவை நிறைவேறிவிட்டது என்றார் ராஈ. இல்லை, உமக்காகக் கேளும் என்று கலீஃபா மீண்டும் வற்புறுத்தினார். இந்த நற்செயலைக் கெடுத்துவிட நான் விரும்பவில்லை என்று சொல்லி, ராஈ எதையும் கேட்க மறுத்துவிட்டார்.